மெக்காலே கல்வி: யார் பணம் கொடுத்தார்கள், யாருக்குக் கிடைத்தது?

பாடத்திட்டம், ஆங்கில வழி, மனப்பாடம் என்று பள்ளிக்கூடத்தைப் பற்றி எந்தப் பேச்சு எழுந்தாலும், 1835இல் ஆங்கிலக் கல்விக்காக வாதாடிய ஆங்கிலேய அதிகாரி மெக்காலேயின் பெயர் சற்று நேரத்தில் வந்துவிடும். பெரும்பாலும் இரண்டு கதைகளில் ஒன்றைச் சொல்வார்கள். வெள்ளைக்காரன் வருவதற்கு முன் இங்கே எல்லோரும் படித்திருந்தார்கள், மெக்காலே வந்து எல்லாவற்றையும் அழித்துவிட்டார் என்பது முதல் கதை. வெள்ளைக்காரன் வந்துதான் எல்லோருக்கும் பள்ளியைத் திறந்துவிட்டான் என்பது இரண்டாவது.

இரண்டிலும் உண்மை கொஞ்சம் கொஞ்சம் இருக்கிறது. ஆனால் 'எல்லோரும்', 'எல்லோருக்கும்' என்று சொல்லும் இடத்தில் இரண்டுமே தவறிப்போகின்றன. பள்ளிக்கு யார் காசு கொடுத்தார்கள், எந்த நிபந்தனையோடு கொடுத்தார்கள் என்று கேட்டால் காலனிக் காலக் கல்வியின் வரலாறு பெருமளவு விளங்கிவிடும். இந்தக் கட்டுரை அதை மட்டும், அதுவும் பெரும்பாலும் சென்னை மாகாணத்தை வைத்து, முதலிலிருந்து விளக்குகிறது.

## மன்றோ எடுத்த கணக்கு

1822இல் சென்னை மாகாணத்தின் கவர்னராக இருந்தவர் தாமஸ் மன்றோ. உங்கள் மாவட்டத்தில் எத்தனை பள்ளிகள், எத்தனை பிள்ளைகள், எந்தச் சாதியார், ஆண் எத்தனை, பெண் எத்தனை என்று ஒவ்வொரு கலெக்டரிடமும் விவரம் கேட்டார். பதில்கள் வந்து சேர நான்கு வருடம் ஆயிற்று. 1826இல் தொகுத்தபோது மாகாணம் முழுவதிலும் 12,498 பள்ளிகள், 1,88,650 பிள்ளைகள் என்று கணக்கு வந்தது. மக்கள் தொகை சுமார் 1 கோடியே 28 லட்சம்.

இவற்றில் பெரும்பாலானவை திண்ணைப் பள்ளிகள். ஊரில் ஒரு வாத்தியார், யாராவது ஒருவர் வீட்டுத் திண்ணையிலோ சாவடியிலோ பிள்ளைகளைக் கூட்டிவைத்து எழுத்தும் கணக்கும் சொல்லிக்கொடுப்பார். பெற்றோர் காசாகவும் தானியமாகவும் கொடுப்பதுதான் அவருக்கு வருமானம். பள்ளிக்குச் சராசரியாக 15 பிள்ளைகள். முதலில் மணலில் விரலால் எழுத்து, பிறகு ஓலையில் எழுத்தாணி. ஆத்திசூடி, கொன்றை வேந்தன், எண்சுவடி எல்லாம் வாய்ப்பாடம். அளவையும் வாய்ப்பாடும் நிறைந்த எண்சுவடியைப் படித்த பையன் கடைக்கணக்கும் நிலக்கணக்கும் போடத் தயாராகிவிடுவான்.

அன்றைய பள்ளி எப்படி நடந்தது என்பதை 1823இல் பெல்லாரி கலெக்டர் காம்பெல் எழுதிய அறிக்கையில் கிட்டத்தில் பார்க்க முடிகிறது. காலை 6 மணிக்கே பள்ளி தொடங்கிவிடும். முதலில் வரும் பையனின் உள்ளங்கையில் சரஸ்வதியின் பெயரை எழுதுவார்கள், அது மரியாதை. இரண்டாவதாக வருபவன் கையில் ஒரு சுழியம்: அவனுக்குப் பாராட்டும் இல்லை, திட்டும் இல்லை. மூன்றாவதாக வருபவனுக்கு மெதுவாக ஓர் அடி, நான்காவதாக வருபவனுக்கு இரண்டு அடி. அடுத்தடுத்து வருபவர்களுக்கு ஒவ்வொன்றாகக் கூடிக்கொண்டே போகும்.

இந்தப் பள்ளிகளில் பெரிய பிள்ளை சின்னப் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்கும் வழக்கம் உண்டு. நம் ஊரில் அவனுக்குப் பெயர் சட்டாம்பிள்ளை. 1789இல் எழும்பூரில் ஆண் பிள்ளைகளுக்கான அனாதை ஆசிரமத்தின் பொறுப்பை ஏற்ற ஆண்ட்ரூ பெல் என்ற பாதிரியார், உள்ளூர்ப் பிள்ளைகள் மணலில் எழுதிப் பழகுவதைப் பார்த்துத் தன் பள்ளியில் புகுத்தினார். பிள்ளைகளைக் கொண்டே பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லவைத்தார். 1797இல் லண்டனில் அதைப் பற்றி அச்சிட்டு வெளியிட்டார். இங்கிலாந்தில் ஏழைப் பிள்ளைகளுக்கான பள்ளிகளில் 'மெட்ராஸ் முறை' என்ற பெயரில் அது பரவியது. கல்வி ஒரு திசையில்தான் பயணம் செய்தது என்று நினைப்பவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

தன் நாட்டோடு ஒப்பிட்டால் இங்கே கல்வி நிலை தாழ்வுதான் என்றாலும், வெகு காலத்துக்கு முன் அல்லாத ஐரோப்பாவின் பெரும்பாலான நாடுகளில் இருந்ததைவிட மேல் என்று மன்றோவே எழுதினார். பள்ளிப் பருவத்து ஆண் பிள்ளைகளில் நான்கில் ஒருவருக்குச் சற்று மேல் பள்ளியில் இருந்தார்கள், வீட்டில் படிப்பவர்களையும் சேர்த்தால் மூன்றில் ஒருவரை நெருங்கும் என்பது அவர் மதிப்பீடு.

## அந்தக் கணக்கில் யார் இல்லை?

முதல் கதை சொல்பவர்கள் 12,498 என்ற எண்ணோடு நிறுத்திக்கொள்கிறார்கள். அதே கணக்கில் பெண் பிள்ளைகள் எத்தனை என்று பார்க்க வேண்டும். 1,88,650 பேரில் 4,540 பேர். நூற்றுக்கு மூன்றுகூட இல்லை.

சாதிக் கணக்கும் கவனிக்கத்தக்கது. பள்ளிக் கல்வி பிராமணர் கையில் மட்டுமே இருந்தது என்று பலர் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். அந்த அறிக்கைகள் அப்படிச் சொல்லவில்லை. தமிழ் மாவட்டங்களில் பள்ளிப் பிள்ளைகளில் பெரும்பான்மையினர் 'சூத்திரர்' என்ற தலைப்பின்கீழ் எழுதப்பட்டவர்கள். நிலம் வைத்திருந்த, வணிகம் செய்த, கணக்கு எழுதிய சாதிகளின் பிள்ளைகள். சமஸ்கிருதமும் வேதமும் சொல்லிக்கொடுத்த உயர்கல்விதான் பிராமணர்களுக்கு உரியதாக இருந்தது. ஆனால் வயலில் கூலி வேலை செய்த, தீண்டாமைக்கு ஆளான மக்களின் பிள்ளைகளுக்கு ஊர்த் திண்ணையில் பெரும்பாலும் இடமே இல்லை. வாத்தியார் கற்றுக்கொடுக்கச் சம்மதித்தாலும், அந்தத் தெருவில் அவர்கள் நடந்து வர முடியாது.

மன்றோ கணக்கு எடுத்த நேரத்திலேயே பள்ளிகள் தேய்ந்துகொண்டிருந்தன என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஏறக்குறைய 10 லட்சம் பேர் வாழும் தன் மாவட்டத்தில் 7,000 பிள்ளைகள்கூடப் பள்ளியில் இல்லை என்று எழுதிய காம்பெல், காரணத்தையும் மறைக்காமல் எழுதினார். நாடு வறுமைப்பட்டுவிட்டது. ஐரோப்பியத் துணி வந்து நெசவாளர் வருமானம் குறைந்துவிட்டது. வசூலாகும் வரி முன்போல் உள்ளூரிலேயே செலவாவதில்லை. பெற்றோரால் வாத்தியாருக்குக் கொடுக்க முடியவில்லை. அன்று இங்கே ஆட்சி செய்த கிழக்கிந்தியக் கம்பெனியின் கலெக்டர் ஒருவரே இப்படி எழுதியது சாதாரண விஷயமல்ல. பள்ளிகளை மூடும்படி அன்று யாரும் ஆணை போடவில்லை. வாத்தியாருக்குப் படியளந்த கை வற்றியதால் பள்ளி நின்றுபோனது.

இதுவரை பார்த்தது: காலனி ஆட்சிக்கு முன் பரவலான ஊர்ப் பள்ளிகள் இருந்தன. அவை எல்லோருக்குமானவை அல்ல. ஊரின் வருமானத்தை நம்பியிருந்தன, வருமானம் குறையக் குறைய அவையும் குறைந்தன.

## 1835: மெக்காலே என்னதான் சொன்னார்?

1813இல் இங்கிலாந்துப் பாராளுமன்றம் கம்பெனியின் உரிமத்தைப் புதுப்பித்தபோது, இந்தியாவில் கல்விக்காக ஆண்டுக்குக் குறைந்தது 1 லட்சம் ரூபாய் ஒதுக்க வேண்டும் என்று சட்டத்தில் சேர்த்தது. கம்பெனி ஆண்ட பகுதி முழுவதுக்கும் சேர்த்து 1 லட்சம்தான். அதையும் பத்து வருடம் உருப்படியாகச் செலவு செய்யவில்லை.

அப்புறம் கல்கத்தாவில் இருந்த கல்விக் குழுவில் சண்டை தொடங்கியது. அந்தப் பணத்தை சமஸ்கிருத, அரபிக் கல்லூரிகளுக்குக் கொடுப்பதா, ஆங்கிலக் கல்விக்குக் கொடுப்பதா? ஆங்கிலம் வேண்டும் என்றவர்கள் வெள்ளைக்காரர்கள் மட்டுமல்ல. 1823இலேயே ராம்மோகன் ராய், இன்னொரு சமஸ்கிருதக் கல்லூரி வேண்டாம், கணிதமும் இயற்பியலும் வேதியியலும் கற்பியுங்கள் என்று கவர்னர் ஜெனரலுக்குக் கடிதம் எழுதியிருந்தார்.

மெக்காலே 1834 ஜூனில் சென்னையில் வந்து இறங்கி, உதகமண்டலத்தில் தங்கியிருந்த கவர்னர் ஜெனரல் பெண்டிங்கைப் பார்த்துவிட்டுக் கல்கத்தா போனார். 1835 பிப்ரவரி 2 அன்று இந்தச் சண்டையைப் பற்றித் தன் குறிப்பை எழுதினார். கீழை நாடுகளின் இலக்கியம் முழுவதையும் ஒரு நல்ல ஐரோப்பிய நூலகத்தின் ஒற்றை அலமாரிக்கு ஈடில்லை என்று அதில் இகழ்ந்திருக்கிறார். அந்த மொழிகளில் ஒன்றுகூடத் தெரியாது என்று அதே குறிப்பில் ஒப்புக்கொண்டும் இருக்கிறார். அந்த ஆணவத்துக்குச் சப்பைக்கட்டு கட்ட எதுவும் இல்லை.

சமூக ஊடகங்களில் ஒரு மேற்கோள் சுற்றுகிறது. இந்தியாவின் நீள அகலமெல்லாம் சுற்றினேன், ஒரு பிச்சைக்காரனையோ திருடனையோ பார்க்கவில்லை, இவர்களின் கல்வியை உடைத்தால்தான் இந்த நாட்டை வெல்ல முடியும் என்று அவர் அதே தேதியில் பிரிட்டிஷ் பாராளுமன்றத்தில் பேசினாராம். அது பொய். அன்றைக்கு அவர் கல்கத்தாவில் இருந்தார், குறிப்பில் அப்படி ஒரு வரியும் கிடையாது. அவர் உண்மையில் எழுதியதே போதுமான அளவு மோசம். பொய் மேற்கோள் அதை மறைத்துவிடுகிறது.

அந்தக் குறிப்பில் நாம் கவனிக்க வேண்டிய இடம் வேறு. நம்மிடம் உள்ள குறைந்த வசதியை வைத்துக்கொண்டு மக்கள் எல்லோரையும் படிக்கவைப்பது முடியாத காரியம் என்கிறார் மெக்காலே. ஆகவே நமக்கும் நாம் ஆளும் கோடிக்கணக்கானவர்களுக்கும் நடுவே மொழிபெயர்ப்பாளர்களாக நிற்கும் ஒரு வகுப்பை உருவாக்குவோம், ரத்தத்திலும் நிறத்திலும் இந்தியர்களாக, ரசனையிலும் கருத்திலும் ஆங்கிலேயர்களாக இருப்பவர்களை, என்கிறார். பெரும்பாலோர் பின்பாதியை மேற்கோள் காட்டுவார்கள். 'எல்லோருக்கும் செலவு செய்ய முடியாது' என்ற முன்பாதிதான் அடுத்த நூறு வருடத்தைத் தீர்மானித்தது.

மார்ச் மாதத்தில் பெண்டிங்க் ஆங்கிலத்துக்குச் சாதகமாக ஆணை போட்டார். நான்கு வருடம் கழித்து ஆக்லாந்து பிரபு கீழைக் கல்லூரிகளுக்கும் பணத்தைத் திருப்பித் தந்து சமாதானம் செய்தார். சென்னை மாகாணத்தில் நடந்தது இன்னும் வருத்தமானது. கணக்கெடுப்புக்குப் பின் மன்றோ மாவட்டந்தோறும், தாசில்தாரிகளிலும் (அதாவது தாலுக்காக்களிலும்) அரசுப் பள்ளிகள் வைக்கும் திட்டத்தைத் தொடங்கியிருந்தார். 1827இல் அவர் காலராவில் இறந்துபோனார். பார்ப்பாரின்றிக் கிடந்த அந்தப் பள்ளிகள் 1836இல் மூடப்பட்டன. தாய்மொழியில், அரசுச் செலவில் பரவலான பள்ளி என்ற யோசனையும் அவற்றோடு போயிற்று.

## வடிகட்டல் கொள்கை

மேல்தட்டில் சிலரைப் படிக்கவைத்தால், அவர்கள் வழியாகக் கல்வி தானாகக் கீழே இறங்கும் என்ற நம்பிக்கைக்கு வடிகட்டல் கொள்கை என்று பெயர். காவிரிப் பாசனத்தை அறிந்தவர்களுக்கு இதை எளிதாகச் சொல்லிவிடலாம். தலைமடையில் தண்ணீரை விட்டால் அது ஓடி ஓடிக் கடைமடைக்கும் போய்ச் சேரும் என்பதுதான் கணக்கு. ஆனால் வாய்க்காலைத் தூர் வாராமல், முறை வைக்காமல், தலைமடைக்காரர்கள் வேண்டிய அளவு எடுத்துக்கொண்ட பின் மிச்சம் வரட்டும் என்று விட்டால் கடைமடையில் என்ன நடக்கும் என்பதும் அவர்களுக்குத் தெரியும்.

கல்வியிலும் அதுதான் நடந்தது. படித்தவர் ஊருக்குத் திரும்பிப் பள்ளி வைப்பதற்கு எந்தக் காரணமும் இல்லை. படிப்பு அவரைத் தாலுக்கா கச்சேரிக்கும் கோர்ட்டுக்கும் ரயில்வேக்கும் கொண்டுபோனது. அவர் படித்த ஆங்கிலத்தை ஊரில் யாருக்கும் சொல்லிக்கொடுக்க வேண்டிய தேவையும் எழவில்லை.

## ஆங்கிலத்தின் பின்னால் இருந்த வேலை

மெக்காலேயின் குறிப்பைவிட, 1844இல் கவர்னர் ஜெனரல் ஹார்டிஞ்ச் போட்ட ஆணைதான் சாதாரண வீடுகளுக்குள் நுழைந்தது என்பேன். அரசு வேலைக்கு ஆங்கிலம் படித்தவர்களுக்கு முன்னுரிமை என்பது அந்த ஆணை. ஒரு குடும்பம் பையனை எங்கே படிக்கவைப்பது என்று யோசிக்கும்போது கண் முன்னால் இருப்பது குமாஸ்தா வேலையும் அதன் மாதச் சம்பளமும்தான். அதற்கு எண்சுவடி உதவாது, ஆங்கிலம் உதவும்.

அந்த விருப்பம் நம் ஆட்களிடமே வலுவாக இருந்தது. பச்சையப்ப முதலியார் விட்டுச்சென்ற அறக்கட்டளைப் பணத்தைக் கொண்டு சென்னையில் 1842 ஜனவரி 1 அன்று ஒரு பள்ளி தொடங்கியது. மிஷனரியும் நடத்தவில்லை, அரசும் நடத்தவில்லை. இந்துப் பெரியவர்கள் நடத்திய அந்தப் பள்ளியும் ஆங்கிலம்தான் கற்பித்தது. பிறகு அதுவே கல்லூரியாக வளர்ந்தது.

1857இல் சென்னைப் பல்கலைக்கழகம் வந்தது. அது லண்டன் பல்கலைக்கழகத்தைப் பார்த்து அமைத்தது. அதாவது பாடம் நடத்தாது, தேர்வு வைத்துப் பட்டம் மட்டும் கொடுக்கும். கற்பிப்பது இணைப்புக் கல்லூரிகளின் வேலை. அதன் நுழைவுத் தேர்வுக்குப் பெயர் மெட்ரிகுலேஷன். கல்லூரியில் சேர்வதற்கென்று வைத்த தேர்வு, சில வருடங்களில் குமாஸ்தா வேலைக்கான தகுதிச் சான்றாக மாறிவிட்டது. கல்லூரிப் பக்கம் போகும் எண்ணமே இல்லாதவர்களும் அதை எழுதினார்கள். தேர்வு வைப்பவர் ஓரிடத்தில், பாடம் சொல்பவர் வேறிடத்தில் என்றானபோது, கேள்வித்தாளைக் குறிவைத்துப் படிப்பதே வழியாயிற்று. மனப்பாடத்துக்கு மெக்காலேயைத் திட்டுகிறோம். திண்ணைப் பள்ளியிலும் மனப்பாடம் உண்டு. வாய்ப்பாட்டை மனப்பாடம் செய்தவன் மறுநாள் கடையில் அதைப் பயன்படுத்தினான். மெட்ரிகுலேஷன் குறிப்பை மனப்பாடம் செய்தவனுக்கு அது தேர்வு அறையோடு முடிந்தது.

இதுவரை பார்த்தது: ஆங்கிலக் கல்வியைப் பரப்பியதில் 1835 குறிப்புக்குப் பங்கு உண்டு. அதைவிடப் பெரிய பங்கு அரசு வேலைக்கும், அந்த வேலைக்கு வாசலாக இருந்த தேர்வுக்கும்.

## உதவி மானியம்: எல்லாவற்றையும் நகர்த்திய சக்கரம்

1854 ஜூலையில் லண்டனில் இருந்து ஒரு நீண்ட ஆணை வந்தது. கம்பெனியை மேற்பார்த்த பிரிட்டிஷ் அரசின் கட்டுப்பாட்டு வாரியத்துக்குத் தலைவரான சார்லஸ் உட் பெயரால் அதை உட் அறிக்கை என்பார்கள். இன்று நாம் பார்க்கும் கல்வித் துறையின் எலும்புக்கூடு அதில்தான் இருக்கிறது. மாகாணத்துக்கு ஒரு கல்வித் துறை, அதற்கு ஓர் இயக்குநர், பள்ளிகளைச் சுற்றிப் பார்க்க இன்ஸ்பெக்டர்கள், மேலே பல்கலைக்கழகம். வடிகட்டல் போதாது, சாதாரண மக்களுக்குத் தாய்மொழியில் கல்வி வேண்டும் என்றும் அந்த அறிக்கை சொன்னது. பெண் கல்வியை ஆதரிக்கச் சொன்னது.

சரி, இவ்வளவு நல்ல எண்ணம் இருந்தும் ஏன் நடக்கவில்லை? அறிக்கை பணத்துக்குக் காட்டிய வழி அப்படி. அந்த வழிக்குப் பெயர் உதவி மானியம். தனியார் ஒருவரோ ஓர் அமைப்போ பள்ளி நடத்தினால், அது இன்ஸ்பெக்டரின் சோதனைக்கு உட்பட்டால், செலவில் ஒரு பங்கை அரசு கொடுக்கும். மீதியை நடத்துபவர்களே திரட்டிக்கொள்ள வேண்டும். கூடவே ஒரு நிபந்தனை: மானியம் வாங்கும் பள்ளி, எவ்வளவு சிறிதாக இருந்தாலும், பிள்ளைகளிடம் ஏதாவது கட்டணம் வாங்கியே ஆக வேண்டும். ஆசிரியர் பயிற்சிப் பள்ளிகளுக்கு மட்டும் விலக்கு. இலவசமாகக் கிடைத்தால் மதிப்பு தெரியாது என்பது அதற்குச் சொன்ன காரணம்.

இந்த விதியை இரண்டு ஊர்களில் வைத்துப் பாருங்கள். ஒரு ஊரில் வக்கீல்களும் மிராசுதார்களும் இருக்கிறார்கள். கட்டடம் கட்டப் பணம் திரட்டுகிறார்கள், மாதக் கட்டணம் கட்டுகிறார்கள், விண்ணப்பம் எழுத ஆள் இருக்கிறது. அரசின் பங்கும் அங்கே வந்து சேருகிறது. இன்னொரு ஊரில் கூலிக்காரர்கள். முதலில் போட வேண்டிய பணமே இல்லை, ஆகவே அரசின் பங்கும் இல்லை. விதியில் சாதி என்ற சொல்லே இல்லை, வர்க்கம் என்ற சொல்லும் இல்லை. இருப்பவனுக்கே மேலும் கொடுக்கும் வேலையை விதி அமைதியாகச் செய்துவிட்டது. மாகாணத்தின் வரியில் பெரும்பகுதியைக் கொடுத்தவர்கள் நிலத்தில் உழைத்தவர்கள் என்பதை நினைக்கும்போது எனக்கு இது ஆறவே ஆறாத விஷயமாகப் படுகிறது.

சென்னை மாகாணத்தில் இந்த மானியத்தைப் பெரிய அளவில் பயன்படுத்திக்கொண்டவர்கள் மிஷனரிகள். அவர்களிடம் வெளிநாட்டிலிருந்து வந்த பணம் இருந்தது, மீதிப் பங்கைப் போட முடிந்தது. கூடவே நீண்ட அனுபவமும் இருந்தது. தரங்கம்பாடியில் சீகன்பால்கு வந்து இறங்கியது 1706இல். அதற்கடுத்த வருடமே அங்கே பெண் பிள்ளைகளுக்கும் பள்ளி நடந்தது. கடல் தாண்டி யாழ்ப்பாணத்தில் அமெரிக்க மிஷன் 1823இல் தொடங்கிய வட்டுக்கோட்டை செமினரியில் படித்த சி. வை. தாமோதரம் பிள்ளையும் கரோல் விசுவநாத பிள்ளையும்தான் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் பட்டதாரிகள்.

## தேர்ச்சிக்குக் காசு

1860களில் இங்கிலாந்தில் ஒரு புது முறை வந்தது. பள்ளிக்கு மொத்தமாக மானியம் கொடுப்பதற்குப் பதில், ஆண்டுத் தேர்வில் எத்தனை பிள்ளைகள் வாசிப்பிலும் எழுத்திலும் கணக்கிலும் தேறினார்கள் என்று எண்ணி, தலைக்கு இவ்வளவு என்று கொடுப்பது. தேர்ச்சி மானியம் எனலாம். அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் சென்னை மாகாணமும் அதை எடுத்துக்கொண்டது.

அரசுக்கு இது மலிவு. ஊர்த் திண்ணை வாத்தியார்களையும் இந்த வலைக்குள் கொண்டுவர முடிந்தது. வாத்தியார் அச்சிட்ட பாடப் புத்தகத்தை வாங்கி, வருகைப் பதிவேடு வைத்து, இன்ஸ்பெக்டர் வரும் நாளில் பிள்ளைகளை நிறுத்தினால் கொஞ்சம் பணம் கிடைக்கும். எத்தனையோ திண்ணைப் பள்ளிகள் இப்படித்தான் மெல்ல மெல்ல 'எலிமெண்டரி ஸ்கூல்' ஆயின. அந்தப் பள்ளிகள் அழிந்தன என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறோம். பல பள்ளிகள் அழியவில்லை, உருமாறின. பாடம் மாறியது, பதிவேடு வந்தது. ஊருக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்த வாத்தியார் இன்ஸ்பெக்டருக்குப் பதில் சொல்ல வேண்டியவர் ஆனார்.

ஆனால் வாத்தியாரின் நிலையில் நின்று யோசித்துப் பார்த்தால் இந்த முறையின் கோணல் தெரியும். தேறக்கூடிய பையன்மேல் செலவிடும் நேரம் காசாகத் திரும்பி வரும். நாற்று நடவுக்கும் அறுப்புக்கும் வேலைக்குப் போய், பாதி நாள் வராத பையன்மேல் செலவிடும் நேரம் வீண். அவனை விலக்கச் சொல்லி யாரும் ஆணையிட வேண்டியதில்லை. எந்தப் பாடத்துக்குக் காசு இல்லையோ அந்தப் பாடமும் இப்படியே ஒதுங்கிவிடும்.

## கடைசியில் வந்து நின்றவர்கள்

கம்பெனி அரசின் பள்ளிகள் எல்லோருக்கும் பொது என்பது எழுத்தில் இருந்தது. 1856இல் பம்பாய் மாகாணத்துத் தார்வாரில், தீண்டாமைக்கு ஆளான மகர் சாதிப் பையன் ஒருவன் அரசுப் பள்ளியில் இடம் கேட்டான். கிடைக்கவில்லை. அவனைச் சேர்த்தால் மற்றவர்கள் போய்விடுவார்கள், பள்ளியே நின்றுவிடும் என்று பம்பாய் அரசு பயந்தது. எழுத்தில் உள்ள உரிமை வாசற்படியில் நின்றுவிடும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி வேண்டாம்.

பின்னாளில் பெரிய தலைவரான இரட்டைமலை சீனிவாசன் கோயம்புத்தூரில் படித்த நாட்களைத் தன் வாழ்க்கைக் குறிப்பில் சொல்லியிருக்கிறார். உடன் படித்தவர்களில் சிலரைத் தவிர எல்லோரும் பிராமணப் பிள்ளைகள். தன் சாதி தெரிந்துவிடும் என்று அஞ்சி யாரோடும் பழகாமல், மணி அடிக்கும் வரை பள்ளிக்கு வெளியே ஏதாவது படித்துக்கொண்டிருந்து, ஆசிரியர் வகுப்புக்குள் போகும் நேரத்தில் தானும் உள்ளே போவாராம். அந்தப் பையன் பள்ளிப் பதிவேட்டில் ஒரு 'மாணவர்'. பதிவேட்டை மட்டும் பார்த்துக் கல்வி பரவியது என்று சொன்னால், வெளியே மணிக்காகக் காத்திருந்த அந்த நேரமெல்லாம் கணக்கில் வராது.

மாற்றம் மேலே இருந்து வடிந்து வரவில்லை. சேரிகளில் மிஷனரிகள் பள்ளி வைத்தார்கள். 1891இல் செங்கல்பட்டு கலெக்டர் டிரமன்ஹீர் பறையர் மக்களின் நிலையைப் பற்றி விரிவான குறிப்பை அரசுக்கு அனுப்பினார். அதைத் தொடர்ந்து 1893இல் சென்னை அரசு, அன்றைய அரசு வழக்கில் பஞ்சமர் எனப்பட்ட மக்களின் பள்ளிகளுக்குச் சிறப்புச் சலுகைகள் அறிவித்தது. பொது விதிப்படி கொடுத்தால் இவர்களுக்குப் போய்ச் சேராது என்று அரசே ஒப்புக்கொண்ட இடம் அது. அயோத்திதாசர் போன்றவர்கள் வலியுறுத்தியதில், பிரம்மஞான சபையின் ஆல்காட் 1894இல் அடையாறில் இலவசப் பள்ளி திறந்தார். ஒரு பள்ளியின் பெயரிலேயே 'இலவச' என்று எழுதவேண்டியிருந்தது, கட்டணம் எவ்வளவு பெரிய சுவராக நின்றது என்பதைக் காட்டுகிறது.

அதற்குப் பிறகும் பள்ளி எந்தத் தெருவில் இருக்கிறது என்ற கேள்வி தீரவில்லை. அக்ரகாரத்திலோ கோயிலை ஒட்டியோ பள்ளி இருந்தால், அரசாணை என்ன சொன்னாலும் பிள்ளையால் அங்கே போக முடியாது.

இதுவரை பார்த்தது: மானிய விதி பணம் உள்ளவர்களுக்குச் சாதகமாக இருந்தது, பழைய தீண்டாமை அதன்மேல் வந்து உட்கார்ந்துகொண்டது. காலனி ஆட்சி அந்தப் பூட்டை உருவாக்கவில்லை. உடைக்கச் செலவு செய்யவும் இல்லை. கிடைத்த இடுக்கு வழியாக உள்ளே நுழைந்தவர்கள் பெரும்பாலும் தாங்களே போராடி நுழைந்தார்கள்.

## கட்டாய இலவசக் கல்வியும் ஓரணாவும்

1901 கணக்கெடுப்பில் இந்தியாவில் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள் நூற்றுக்கு 5 பேர். இங்கிலாந்தில் 1880இலேயே தொடக்கக் கல்வியைக் கட்டாயமாக்கிவிட்டார்கள். இங்கேயும் அப்படிச் செய்யுங்கள் என்று 1911இல் கோபாலகிருஷ்ண கோகலே ஒரு மசோதாவைக் கொண்டுவந்தார். அதுவும் மிக அடக்கமான மசோதா: விரும்பும் உள்ளாட்சிகள் மட்டும், ஆறிலிருந்து பத்து வயதுப் பையன்களுக்கு மட்டும் தொடங்கலாம் என்றது. மக்கள் இன்னும் தயாராகவில்லை, பணமும் இல்லை என்றது அரசு. நிலச்சுவான்தார்களும் எதிர்த்தார்கள். 1912 மார்ச்சில் 38க்கு 13 என்ற வாக்கில் மசோதா தோற்றது.

1920இல் சென்னை மாகாணத்துக்கு ஒரு தொடக்கக் கல்விச் சட்டம் கிடைத்தது. உள்ளாட்சிகள் கல்வி வரி போட்டு, அரசின் அனுமதியோடு தங்கள் பகுதியில் கல்வியைக் கட்டாயமாக்கலாம். சட்டம் வந்தாலும், பசியோடு இருக்கும் பிள்ளை பள்ளியில் உட்காராது என்பது நகராட்சிப் பள்ளிகளை நடத்தியவர்களுக்குத் தெரிந்திருந்தது. அதே வருடம் பி. தியாகராயர் தலைமையில் சென்னை மாநகராட்சி, ஆயிரம் விளக்கில் இருந்த தன் பள்ளியில் மதிய உணவு கொடுக்கத் தொடங்கியது. ஒரு பிள்ளைக்கு ஒரு நாளைக்கு ஓரணாவுக்கு மேல் போகக்கூடாது என்பது வரம்பு. மற்றச் சில பள்ளிகளுக்கும் அது பரவியது, பிள்ளைகளின் வருகை கூடியது. ஆனால் சாப்பாட்டுச் செலவைத் தொடக்கக் கல்வி நிதியில் எழுத அரசு சம்மதிக்கவில்லை. 1925இல் திட்டம் நின்றது. அப்புறம் அது விட்டுவிட்டுத்தான் நடந்தது.

விடுதலைக்குப் பின் எடுத்த முதல் கணக்கெடுப்பில், 1951இல், எழுத்தறிவு நூற்றுக்கு 18ஆக இருந்தது. ஐம்பது வருடத்தில் 5இலிருந்து 18. உதவி மானிய முறை மட்டும் நிற்கவில்லை. அரசு உதவி பெறும் பள்ளி என்று பலகை மாட்டிய பள்ளிகள் தமிழ்நாட்டில் இன்றும் நடக்கின்றன. நிர்வாகம் தனியாரிடம், ஆசிரியர் சம்பளம் அரசிடம். 1854இல் போட்ட விதியில் இருந்து மாறிய முக்கியமான இடம் கட்டணம்தான்: அன்று கட்டணம் வாங்கினால்தான் மானியம் கிடைக்கும், இன்று அரசு சம்பளம் கொடுக்கும் வகுப்பில் பிள்ளையிடம் கல்விக் கட்டணம் வாங்கக்கூடாது.